சீட்டுப் பணம் கைக்கு வந்தாச்சு: காரா, பவுனா, மாடியா, சும்மா வைப்பதா?

எங்கள் ஊர் கூடலூர். நீலகிரிக் கூடலூர் இல்லை, தேனி மாவட்டத்துக் கூடலூர். கம்பத்தைத் தாண்டி, லோயர் கேம்ப்புக்கு முன்னால். காலையில் பஸ் பிடித்து மலையேறினால் குமுளி, கேரளா. அங்கே ஒரு ஏலக்காய்க் கடையில் கணக்கு எழுதுகிறேன். ஞாயிற்றுக்கிழமைகளில் தேக்கடிக்கு வரும் டூரிஸ்ட்டுகளுக்கு மிளகும் கிராம்பும் விற்கும் இன்னொரு கடையில், நாள் சம்பளம் 700 ரூபாய்க்கு நிற்பேன்.

2025 ஆவணியில் நான் போட்டிருந்த சீட்டை ஏலத்தில் எடுத்தேன். முப்பது பேர், முப்பது மாதம், மாதம் பத்தாயிரம். 3,00,000 ரூபாய்ச் சீட்டு. பதினெட்டாவது மாதம் எடுத்ததில், தள்ளும் (ஏலத்தில் விட்டுக்கொடுக்கும் தொகை) கமிஷனும் போகக் கைக்கு வந்தது 2,60,000. வீட்டில் ஒரு வாரம் வேறு பேச்சே இல்லை. எனக்குக் கார். அம்மாவுக்குப் பேத்தி பேரில் பவுன். மனைவிக்கு மாடியில் ஓர் அறை. நாலாவது ஒரு யோசனையும் இருந்தது, அதற்குத்தான் வீட்டில் ஆள் இல்லை: எதையும் வாங்காமல் வைத்திருப்பது.

இதே நிலையில் இருப்பவர்கள் இந்தப் பள்ளத்தாக்கில் நிறையப் பேர் என்பதால், நாலையும் நாங்கள் எப்படி ஒப்பிட்டுப் பார்த்தோம் என்று எழுதி வைக்கிறேன். தொகைகள் எங்கள் வீட்டுக் கணக்கு. உங்கள் வீட்டில் மாறும்.

எல்லையோரத்தில் இருப்பவனுக்கு இரண்டு மாநிலத்துப் பண்டிகையும் உண்டு. கூடவே இரண்டு மாநிலத்துத் தள்ளுபடியும் உண்டு. கம்பத்தில் ஆடித் தள்ளுபடி முடியும்போது குமுளியில் ஓணம் ஆஃபர் பேனர் ஏறும். அது இறங்குவதற்குள் தீபாவளி. அப்புறம் கிறிஸ்துமஸ், பொங்கல். எங்கள் முதலாளி ஒவ்வொரு ஓணத்துக்கும் ஒரு பழமொழி சொல்வார்: "காணம் விற்றும் ஓணம் உண்ணணும்." இருக்கிற சொத்தை விற்றாவது ஓணச் சாப்பாடு சாப்பிட வேண்டும் என்று அர்த்தம். அந்தச் சாப்பாடு ஒரு நாளில் தீர்ந்துவிடும், அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. இப்போது கடைக்காரர்கள் தவணை என்று இலையில் போடுவது அறுபது மாதம் தின்றாலும் தீராத சாப்பாடு.

முதலில் ஒரு விஷயம், சீட்டு எடுத்தவர்கள் எல்லோரும் முதல் நாளே மறப்பது. 2,60,000-மும் நம்முடையது இல்லை. எனக்கு இன்னும் பன்னிரண்டு தவணை பாக்கி. மாதாமாதம் ஏலத் தள்ளிலிருந்து நம் பங்காக வரும் கழிவு போக மாதம் ஒன்பதாயிரத்துச் சொச்சம் என்று வைத்தால், 1,10,000 ரூபாய் திரும்பக் கட்ட வேண்டும். கேரள அரசின் சீட்டு நிறுவனமான கே.எஸ்.எஃப்.இ. 1969-ல் திருச்சூரில் தொடங்கியது. நாம் சீட்டு என்பதை அங்கே சிட்டி என்பார்கள். பெயர் எதுவானாலும், எடுத்தவர் மீதித் தவணைக்கு ஜாமீன் காட்டிவிட்டுத்தான் பணத்தைத் தொட முடியும். ஜாமீன் கேட்கிறார்கள் என்றாலே, வருகிற பணத்தில் ஒரு பங்கு கடன் என்று தெரிந்துகொள்ள வேண்டும். ஆக, ஒப்பிட என்னிடம் உண்மையில் இருந்தது 1,50,000. இந்தக் கழித்தலைப் போட்ட அன்றைக்கே மாடி அறையின் உயரம் பாதியாகிவிட்டது.

இரண்டாவது, எதை வைத்து ஒப்பிடுவது? விலையைக் கடைக்காரரே சொல்லிவிடுவார். வாங்கி வீட்டுக்குக் கொண்டுவந்த பிறகு அந்தப் பொருள் நம்மிடம் என்னென்ன கேட்கும் என்பதை அவர் சொல்ல மாட்டார். அதை வைத்துத்தான் பார்த்தேன்.

கார் ஆசை எனக்கு எங்கிருந்து வந்தது என்று சொல்லிவிடுகிறேன். கம்பத்தில் இருக்கும் என் சகலை மூன்று வருடத்துக்கு முன் கார் வாங்கினார். போன வைகாசியில் உத்தமபாளையத்தில் ஒரு கல்யாணம். நாங்கள் பஸ்ஸில் நின்றுகொண்டே போய், கசங்கின பட்டுச்சேலையும் வேர்த்த சட்டையுமாக இறங்கும்போது, அவர்கள் நாலு பேரும் ஏ.சி. காரிலிருந்து மல்லிகைப் பூ வாடாமல் இறங்கினார்கள். மச்சினி ஒன்றும் சொல்லவில்லை. "பஸ்ஸு கூட்டமாக்கா?" என்று கேட்டாள், அவ்வளவுதான். மனைவி அன்று ராத்திரி வரை பேசவில்லை. இந்த மாதிரி விஷயத்தைக் கணக்கு நோட்டில் எந்தப் பத்தியில் எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் அது ஒரு செலவுதான், இல்லை என்று சொல்ல மாட்டேன்.

சரி, எண்களுக்கு வருவோம். 2025 செப்டம்பர் 22-லிருந்து சின்னக் கார்களுக்கு ஜி.எஸ்.டி. 28 சதவீதத்திலிருந்து 18 ஆனது. ஷோரூமிலிருந்து தினமும் போன். சாலைக்கு வரும்போது 6,00,000 ஆகும் ஒரு வண்டியைப் பார்த்தேன். 1,50,000 முன்பணம், மீதி 4,50,000 கடன், எனக்குச் சொன்ன வட்டி 9.5 சதவீதம், ஐந்து வருடம். மாதத் தவணை 9,450 ரூபாய். மொத்தத்தில் வட்டி மட்டும் சுமார் 1,17,000. தள்ளுபடியில் மிச்சமானது வட்டியில் எங்கே போனது என்று தேடிக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

பிறகு நோட்டை எடுத்து, கடந்த ஒரு வருடத்தில் எங்களுக்குக் கார் தேவைப்பட்ட நாட்களை எழுதினேன். அம்மாவை மதுரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனது நாலு தடவை. கல்யாணம், காதுகுத்து, சித்திரையில் வீரபாண்டித் திருவிழா, ஆடிச் சனிக்கிழமை குச்சனூர், எல்லாம் சேர்த்துப் பதினைந்து. ஆக 19 நாள். மதுரைக்கு வாடகை வண்டி போய்வர 4,000 என்று நாலு தடவைக்கு 16,000. பக்கத்து ஊர்களுக்குச் சராசரி 1,500 என்றால் 22,500. வருடத்துக்கு 38,500 ரூபாய். எல்லாவற்றுக்கும் வண்டி பிடித்திருந்தால் ஆகியிருக்கும் செலவு இது. நிஜத்தில் பாதி நாள் பஸ்ஸில்தான் போனோம்.

சொந்தக் கார் என்றால், தவணை 1,13,400. இன்ஷூரன்ஸ் 18,000. சர்வீஸ் 6,000. அதே 19 நாளுக்குப் பெட்ரோல் 12,000 (குமுளியைவிட இந்தப் பக்கம் விலை குறைவு என்பதால் கேரளா நம்பர் வண்டிகளே இறங்கி வந்து இங்கே நிரப்பிக்கொண்டு போகும்). மொத்தம் ஏறக்குறைய ஒன்றரை லட்சம். "அஞ்சு வருஷம் கழிச்சு வண்டி மிஞ்சுமே" என்றார் சகலை. மிஞ்சும்தான். இரண்டு, இரண்டரை லட்சத்துக்கு விற்கலாம். முதலில் போட்ட முன்பணம் ஒன்றரை லட்சத்தை அதில் கழித்துவிட்டால், மிச்சத்தில் ஒரு வருடத் தவணைகூடச் சரிக்கட்டாது.

இதெல்லாம் வண்டி 19 நாள் மட்டும் ஓடினால். ஓடாது. சகலை வீட்டில் நடந்ததை நான் பக்கத்தில் இருந்து பார்த்தேன். முதலில் வெயிலுக்கு ஒரு தகர ஷெட் போட்டார். ஷெட் போட்டதும் வாசல் கேட் சின்னதாகத் தெரிந்தது, அகலப்படுத்தினார். கேட்டை மாற்றியதும் காம்பவுண்ட் சுவருக்கு வெள்ளை அடிக்காமல் விட முடியவில்லை. அப்புறம் "வண்டி சும்மாதானே நிக்குது" என்று ஞாயிற்றுக்கிழமை வாகமண், அடுத்த ஞாயிறு பருந்துப்பாறை. ஒவ்வொரு தடவையும் ஹோட்டல் சாப்பாடு. அவரை நான் குறை சொல்லவில்லை, சந்தோஷமாகத்தான் போய்வந்தார்கள். ஆனால் கார் வாங்கின செலவு என்று அவர் சொல்லும் தொகையில் ஷெட்டும் கேட்டும் வாகமண்ணும் இல்லை.

இன்னொரு பயம் எனக்குத் தொழிலிலிருந்து வந்தது. தவணை என்பது இன்றைய வருமானம் ஐந்து வருடம் அப்படியே இருக்கும் என்று எழுதிக் கொடுக்கும் பத்திரம். 2019 ஆகஸ்ட்டில், கேரளப் பக்கம் புற்றடியில் நடக்கும் ஏலத்தில் ஒரு கிலோ ஏலக்காய் 7,000 ரூபாய் வரை போனது. அந்த வருடம் எங்கள் கடைக்குக் காய் கொண்டுவந்தவர்களில் எத்தனையோ பேர் புது ஜீப்பில் வந்தார்கள். 2022-ல் சராசரி விலை ஆயிரத்துக்கும் கீழே. மூட்டை அதே மூட்டை, ஆள் அதே ஆள், ஜீப் மட்டும் இல்லை. ஒரு பெரியவர் வண்டி எங்கே என்று யாரும் கேட்டுவிடக் கூடாது என்பதற்காகவே ஆட்டோவைக் கடைக்கு நூறு அடி தள்ளி நிறுத்திவிட்டு, மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு வருவார்.

காருக்கு ஆதரவாக ஒரே ஒரு வாதம் என்னைத் தூங்கவிடவில்லை. அம்மாவுக்கு மூச்சிரைப்பு. ராத்திரி இரண்டு மணிக்கு வந்தால்? தெருமுனையில் ஜீப் வைத்திருக்கும் அண்ணனிடம் நேரடியாகவே கேட்டேன். "எந்நேரமானாலும் கதவத் தட்டுப்பா" என்றார். 108-ம் இருக்கிறது. இரண்டு வழியும் அடைபட்ட ஊரில் இருப்பவர்களுக்கு, வீட்டில் டயாலிசிஸ் மாதிரி வாராவாரம் போக வேண்டியவர்கள் இருப்பவர்களுக்கு, வண்டியை வைத்துப் பிழைப்பவர்களுக்கு என் கணக்கு பொருந்தாது. அவர்கள் வாங்கட்டும். பழைய வண்டியானாலும் கடன் குறைவாக வாங்கட்டும்.

பவுன் விஷயத்தைச் சுருக்கமாகச் சொல்லலாம், ஏனென்றால் அம்மா ஜெயித்துவிட்டாள், ஏறக்குறைய. ஆவணியில் பவுன் 80,000-ஐ ஒட்டி இருந்தது. 1,00,000 ரூபாய்க்கு நகை எடுத்தால், சேதாரம் 12 சதவீதம், மேலே ஜி.எஸ்.டி. 3 சதவீதம் என்று போட்டு, கையில் வருவது சுமார் 86,700 ரூபாய்த் தங்கம். கடைப் படி இறங்குவதற்குள் பதிமூன்றாயிரம் போய்விடும். அக்டோபரில் பவுன் 90,000-ஐத் தாண்டியது. "நான் சொன்னப்பவே வாங்கியிருந்தா?" என்றாள் அம்மா. கணக்குப் போட்டுக் காட்டினேன்: 90,000 விலையில் அந்தத் தங்கம் 97,500. போட்ட லட்சத்தை அப்போதும் தொடவில்லை. "தொட்டுடும்" என்றாள். அதற்கு மேல் ஏறினபோது நான் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை.

பவுனுக்கு ஒரு நல்ல குணம்: வாங்கின பிறகு மாதாமாதம் ஒன்றும் கேட்காது. பீரோவில் பேசாமல் கிடக்கும். ஜூன் மாதம் பள்ளிக்கூடம் திறக்கும்போது அடகுக் கடைக்குப் போய்த் தீபாவளிக்குத் திரும்பி வரும். எங்கள் தெருவில் பாதி வீட்டு நகைக்கு அதுதான் பயணம். ஆனால் அதை நகையாகச் செய்து கழுத்தில் போட்டவுடன் அதுவும் பேச ஆரம்பித்துவிடும், மச்சினி கழுத்தைப் பார்த்து. அதனால் நகையைவிடத் தங்கக் காசாக வாங்குவது மேல். செய்கூலி, சேதாரம் குறைவு, ஒப்பிடவும் முடியாது. நகை என்றால் ஹால்மார்க்கும், ஒவ்வொரு நகைக்கும் தனித்தனியாகத் தரும் ஆறு எழுத்து அடையாள எண்ணான ஹெச்.யூ.ஐ.டி.யும் இருக்க வேண்டும். 2023 ஏப்ரல் 1 முதல் நகைக் கடைகளுக்கு இது கட்டாயம். செல்வமகள் திட்டம் போட்டிருக்கலாமே என்று கேட்பீர்கள். 2024 ஜனவரியில் அதற்கு 8.2 சதவீதம் ஆக்கினார்கள், நல்ல வட்டிதான். பத்து வயது தாண்டின பெண் பேரில் தொடங்க முடியாது. என் மகளுக்குப் பதினான்கு.

மாடி அறை நியாயமான ஆசை. மகள் படிக்க இடம் வேண்டும். அம்மா இருமும்போது அவள் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு அடுப்படிக்குப் போகிறாள். ஆனால் மேஸ்திரி சதுர அடிக்கு 2,000-க்குக் குறைத்துப் பேசவில்லை. 200 சதுர அடிக்கு நாலு லட்சம். என்னிடம் ஒன்றரை. பஸ்ஸில் கம்பத்திலிருந்து வரும்போது ஜன்னல் வழியாக எண்ணிப் பாருங்கள்: எத்தனை வீட்டு மொட்டைமாடியில் தூண் கம்பிகள் வானத்தைப் பார்த்து நீட்டிக்கொண்டு, துருப்பிடிக்காமல் இருக்கத் தலையில் பாட்டிலைக் கவிழ்த்துக்கொண்டு நிற்கின்றன. எல்லாம் பாதிப் பணத்தில் தொடங்கினவை. அந்த வீட்டுக்காரர் தினமும் துணி காயப்போட மேலே போகும்போது முடிக்காத வேலையைப் பார்த்துவிட்டுத்தான் இறங்குவார். அரைகுறைக் கட்டடம் மாதிரி ஆளை அரிக்கும் பொருள் வேறு இல்லை என்பது என் அபிப்பிராயம். மனைவி ஒத்துக்கொண்டாள், ஒரு நிபந்தனையோடு: மழைக்கு ஒழுகும் மொட்டைமாடியைச் சரிபண்ண வேண்டும், அடுப்படிக்கும் கூடத்துக்கும் நடுவில் மகளுக்கு ஒரு தடுப்பு அடித்துக் கொடுக்க வேண்டும்.

நாலாவது, சும்மா வைப்பது. இதற்குத்தான் பழமொழி நிறைய. போதுமென்ற மனமே பொன் செய்யும் மருந்து என்று என் பள்ளிக்கூடச் சுவரிலேயே எழுதியிருந்தார்கள். விடியற்காலை ஜீப்பில் பதினைந்து பேராக நெருக்கிக்கொண்டு கம்பம்மெட்டு ஏறி ஏலத் தோட்டத்துக்குப் போகும் பெண்களைக் காட்டி, "அவங்களப் பாரு, நமக்கு என்ன குறை" என்று சொல்பவர்களும் உண்டு. எனக்கு அந்த வழி பிடிக்கவில்லை. அவர்களைப் பார்த்து நான் திருப்திப்பட்டால் அவர்கள் கூலி ஒரு ரூபாய் கூடாது. எனக்கு வேண்டியது ஆறுதல் இல்லை, கணக்கு.

கணக்கு இப்படி வந்தது. 1,10,000-ஐ மீதிச் சீட்டுத் தவணைக்கென்று தனியாகப் போட்டுவிட்டேன். அதை என் பணம் என்று நினைக்கவே இல்லை. மொட்டைமாடிக்கும் தடுப்புக்கும் 38,000. அம்மாவுக்காக அரைப் பவுன் காசு, நாற்பதாயிரத்துச் சொச்சம். மிச்சம் எழுபதாயிரம் பேங்கில். சீட்டுத் தவணைக்கு ஏற்கனவே பணம் ஒதுக்கியாயிற்று என்பதால், சம்பளத்திலிருந்து மாதம் ஒன்பதாயிரம் மிஞ்ச ஆரம்பித்தது. அதை நம்பி மாதத்தில் இரண்டு ஞாயிற்றுக்கிழமை கடைக்கு வர மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். மாதம் 1,400 ரூபாய் குறையும், வருடத்துக்கு 16,800. "நீங்க வாங்கினதுலயே இதுதாங்க வெல கூடுன சாமான்" என்கிறாள் மனைவி.

அந்த முதல் ஞாயிறு அப்படியொன்றும் இனிக்கவில்லை. காலையில் மகளோடு ஆற்றங்கரை வரை நடந்தேன். முல்லைப் பெரியாற்றில் தண்ணீர் நிறையப் போனது. 1895-லிருந்து மலைக்கு அந்தப் பக்கம் தேங்கும் தண்ணீர் சுரங்கம் வழியாக இந்தப் பக்கம் இறங்கி வருகிறது என்று சொன்னேன், அவள் ஏற்கனவே பாடத்தில் படித்திருந்தாள். ஒன்பது மணிக்கு வீட்டுக்கு வந்துவிட்டோம். பதினோரு மணிக்கு எனக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. போனை எடுத்து, வாங்கப்போவதில்லை என்று முடிவு செய்த காரின் வீடியோக்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கடையில் நின்றிருந்தால் இதைப் பார்த்திருக்க மாட்டேன். நேரத்தை மீட்டால் மனசு தானாக நிறைந்துவிடும் என்று நினைத்தவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். மூன்றாவது, நாலாவது ஞாயிற்றில்தான் கொஞ்சம் பழகியது. அம்மா உரலடியில் உட்கார்ந்து பழைய கதை சொல்வாள், நான் வெண்டைக்காய் நறுக்குவேன். அதில் என்ன இருக்கிறது என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை. ஒன்றும் இல்லைதான்.

நாலையும் வரிசைப்படுத்தச் சொன்னால், எங்கள் மாதிரி நிலையான சிறு சம்பளக்காரர்களுக்கு: கடனை ஒதுக்கிவிட்டுச் சும்மா வைப்பது முதலில், ஒழுகும் வீட்டைச் சரிசெய்வது அதோடு சேர்த்தி, காசாகப் பவுன் அடுத்து, முழுப் பணம் சேர்ந்த பிறகு மாடி, கடைசியில் தவணைக் கார். ஆட்டோ, ஜீப் ஓட்டுபவர்களுக்கு வண்டி முதலில் வரும். வாடகை வீட்டில் இருப்பவர்களுக்கு இந்த ஒப்பீடே வேறு.

ஒன்று சொல்லாமல் விட்டால் நியாயம் இல்லை. கார் வேண்டாம் என்று முடிவெடுத்த இருபதாம் நாள், தீபாவளிக்கு முன்னால், கம்பத்தில் ஒரு கடையில் 18,000 ரூபாய்க்கு நான் புதுப் போன் வாங்கினேன். பழைய போன் நன்றாகத்தான் இருந்தது. ஆறு லட்சத்தை மிச்சப்படுத்தினவனுக்குப் பதினெட்டாயிரம் ஒரு பொருட்டா என்று தோன்றியது. "வட்டியே இல்லாத தவணை சார்" என்றார் கடைப் பையன். வட்டியில்லாத் தவணை என்று ஒன்று கிடையாது, அது வேறு பேரில் ஒளிந்திருக்கும் என்று ரிசர்வ் வங்கி 2013 செப்டம்பரிலேயே வங்கிகளைக் கண்டித்திருக்கிறது. அது எனக்குத் தெரியும், கணக்கு எழுதுகிற ஆள். ரொக்கமாகக் கொடுத்தால் 1,200 குறைத்திருப்பார்கள். புராசசிங் கட்டணமும் அதற்கு ஜி.எஸ்.டி.யும் தனி. ஒன்பது தவணை, மாதம் 2,000. ஒரு வாரம் கழித்துப் போன் ஒரு கவர் கேட்டது, அப்புறம் கண்ணாடி ஒட்டச் சொன்னது.

கார்க் கணக்குப் போட்ட அதே நோட்டின் பின்பக்கத்தில் மனைவி அதை எழுதி வைத்திருக்கிறாள், கவர் 250 உட்பட. நேற்றுப் பார்த்தேன்: "போன், இன்னும் 5."